விளையாட்டு வினையாகட்டும்!

‘விளையாட்டு வினையாயிற்று’ என்பது நம்மூர்ப் பழமொழி. தீங்கு நேர்ந்தபின் நெஞ்சம் நொந்து சொல்லும் சொல் அது. ஆயின் ‘வினை’ என்னும் சொல்லுக்குத் தீங்கு என்னும் ஒரு பொருள்தானா உண்டு? செயல் என்பதன்றோ அதன் முதற்பொருள்? உழவும் வினை, நெசவும் வினை, கடலில் வலை வீசுவதும் வினை, கற்பதும் கற்பிப்பதும் வினை. விளையாட்டும் வினையாக முடியும், வினையாக வேண்டும், ஆக்க வேண்டியவர் நாமே என்பதை நிறுவவே இக்கட்டுரை எழுதுகின்றேன். என்னையொத்த தமிழாசிரியர் பலர்க்கு இது கசக்கும். கசக்கட்டும். முதலில் கசந்தது எனக்கே.

கரையில் கேட்ட தமிழ்

பிள்ளைச்சாவடியார்க்குக் கடற்கரை என்பது சுருங்கிக்கொண்டே வரும் ஒரு நிலக்கீற்று. வலை உலர்த்திய மணல்வெளியும் வீடுகளும் இருந்த இடத்தில் இன்று அலை புரள்கின்றது. கடல் பாதி கொண்டு பாதி விட்டுச்சென்ற ஒரு வீட்டின் தளத்தின்மேல், கோடை விடுமுறையில் ஒரு மாலை, என்னிடம் பயிலும் சிறுவர் அறுவர் கைப்பேசியும் கையுமாக அமர்ந்திருந்தனர். ஒருவர் முகத்தை ஒருவர் பாராமலே, ஒரே போர்க்களத்தில் ஒருங்கு நின்று பொருதுகொண்டிருந்தனர். ‘வீடியோ கேம்’ என்று ஊரார் வழங்குவதும் நிகழ்பட ஆட்டம் என்று நாம் வழங்கத்தக்கதுமாகிய ஆட்டம் அது.

யான் பின்னே நின்று அரைமணிப் பொழுது அவர்தம் உரையைச் செவிமடுத்தேன். இலக்கணம் கற்பித்துப் பழகிய காது சொல்லை வகைபிரிக்காமல் இராது. வா, போ, அடி, ஓடு, விடாதே, செத்தான் என வினைச்சொற்கள் தமிழாக இருந்தன. படைக்கருவியின் பெயர், இடத்தின் பெயர், வண்டியின் பெயர், வெற்றியின் பெயர், தோல்வியின் பெயர், ஏன், அவர்கள் தமக்கே சூட்டிக்கொண்ட பெயர் என, பெயர்ச்சொற்கள் அனைத்தும் ஆங்கிலமாக இருந்தன. ஏவவும் வையவும் தமிழ். பெயரிட்டு உரிமை கொள்ள ஆங்கிலம்! ஒரு மொழி தேய்வது இவ்வாறுதான். முதலில் பெயர்ச்சொல் வீட்டைவிட்டு வெளியேறும். வினைச்சொல் சிலகாலம் வாயிலில் நின்று காவல் காக்கும். பின்னர் அதுவும் போய்விடும்.

சினம் மேலிட ஒருவன் கைப்பேசியைப் பறித்தேன். அவன் அழவில்லை, எதிர்த்தும் பேசவில்லை. “ஐயா, இதைப் போலத் தமிழில் ஒன்று கொடுங்கள், அதையே ஆடுகிறோம்” என்றான். முப்பதாண்டுக் காலம் வகுப்பறையில் எத்துணையோ வினாவிற்கு விடையிறுத்த எனக்கு அன்று விடை எழவில்லை. கைப்பேசியை அவன் கையிலேயே கொடுத்துவிட்டு வீடு திரும்பினேன்.

அன்பர்களே! அவ்வினா எனக்கு மட்டும் உரியதன்று. உங்கட்கும் உரியது.

ஆட்டத்துள் உறையும் கோட்பாடு

இவ்வாட்டங்களை நம் புலவருலகம் நோக்கும் நோக்கு இரண்டே. ஒன்று, ‘பிள்ளைகளின் வீண்பொழுதுபோக்கு, நமக்கென்ன’ என்னும் புறக்கணிப்பு. மற்றொன்று, ‘குடிகெடுக்கும் நஞ்சு, தடை செய்க’ என்னும் கூக்குரல். இரண்டும் பிழை. பொழுதுபோக்கு என்போர் அதன் ஆற்றலை அறியாதார். நஞ்சு என்போர் அவ்வாற்றலின் ஒரு பாதியை மட்டும் கண்டார்.

தொல்காப்பியர் உவகை என்னும் மெய்ப்பாடு தோன்றும் நிலைக்களன் நான்கினை எண்ணுங்கால், செல்வம், புலன், புணர்வு என்பவற்றோடு ஒரே வரிசையில் விளையாட்டையும் வைத்தார். வள்ளுவரோ, நூலறிவு நிரம்பாமல் அவையேறிப் பேசுவானைக் கட்டமிடாமல் வட்டாடுவானோடு ஒப்பிட்டு, ஆட்டத்தின் ஒழுங்கைக் கல்வியின் ஒழுங்கிற்கே அளவுகோலாக்கினார். இவர்வழி வந்த நாம் விளையாட்டு என்றதும் முகஞ்சுளிக்கின்றோம். என்னே நம் புலமை!

நம் திண்ணைகளில் ஆடப்பெற்ற இரண்டு ஆட்டங்களை எண்ணிப் பாருங்கள். ஒன்று, ‘பரமபதம்’ என்னும் வடசொற்பெயர் பூண்ட ஏணிப்பாம்பு ஆட்டம். ஏணியின் அடியில் அறத்தின் பெயரும் பாம்பின் தலையில் குற்றத்தின் பெயரும் எழுதப்பெற்று, ஆடுவோனை வீடுபேற்றிற்கு அழைத்துச் செல்வதாகச் சொல்லப்பெற்றது. ஆயின் ஆடுவோன் கையில் உள்ளது யாது? தாயக்கட்டை ஒன்றே. அவன் எண்ணி ஒரு காயையும் நகர்த்தான். விழுந்த எண்ணே அவனை ஏற்றும், இறக்கும். உயர்வும் தாழ்வும் முயற்சியால் வருவன அல்ல, ஊழால் வருவன என்னும் கோட்பாட்டைப் பிள்ளை எவரும் சொல்லாமலே கற்றுக்கொண்டது.

மற்றொன்று ஆடுபுலி ஆட்டம். புலி 3, ஆடு 15. புலி தாவி வெட்டும். ஆட்டுக்கு வெட்டும் உரிமை இல்லை. தனித்து நின்ற ஆடு இரையாகும். அடுத்தடுத்து நெருங்கி நின்ற ஆடுகளோ புலியை அசையவொட்டாமல் அடைத்துவிடும். வலியோனை எளியோர் வெல்லும் வழி ஒற்றுமை ஒன்றே என்பதை ஒரு மேடைப்பேச்சும் இல்லாமல், ஒரு கரித்துண்டும் பதினெட்டுக் கல்லும் கொண்டு நம் பாட்டன் பாட்டி கற்பித்தனர்.

இவ்விரண்டையும் அடுத்தடுத்து வைத்தால் உண்மை ஒன்று விளங்கும். ஆட்டத்தின் கோட்பாடு அதன் மேல் எழுதிய சொற்களில் இல்லை. அதன் ஆட்டமுறையில் உள்ளது. ஏணியடியில் எத்துணை அறச்சொல் எழுதினும், எண் விழுந்தபடி நட என்னும் முறை ஊழையே கற்பிக்கும். ஒரு சொல்லும் எழுதாவிடினும், நெருங்கி நில் என்னும் முறை ஒற்றுமையைக் கற்பிக்கும். நூல் சொல்லும், நாடகம் காட்டும், ஆட்டமோ நம்மையே செய்ய வைக்கும். செய்தவன் கை எளிதில் மறவாது.

ஒரே கட்டம், இரு சட்டம்

இவ்வுண்மையை மேலைநாட்டில் ஒரு பெண்மணி நன்கு உணர்ந்திருந்தார். எலிசபெத்து மேகி என்னும் அமெரிக்க அம்மையார் 1904இல் ‘நிலக்கிழார் ஆட்டம்’ என்று பொருள்படும் பெயரால் ஒரு கட்ட ஆட்டத்திற்குக் காப்புரிமை பெற்றார். நிலத்தை வளைத்து வைத்துக்கொண்டு வாடகையால் கொழுப்பவரால் குமுகாயம் வறுமையுறும் என்ற என்றி சார்சு என்னும் பொருளியலறிஞரின் கொள்கையைப் பரப்புவதே அவர் நோக்கம். அவ்வாட்டத்திற்கு இருவகை முறை வகுத்தார். ஒருமுறையில் ஒருவன் ஈட்டிய வளம் எல்லார்க்கும் பயன்படும். மற்றொரு முறையில் ஒருவன் அனைத்தையும் வளைத்து ஏனையோரை ஓட்டாண்டியாக்குவான். இரண்டையும் ஆடிப்பார்ப்போர் எது நேரியது என்று தாமே தேர்வர் என நம்பினார்.

பின்பு நடந்தது என்ன? 1935இல் ஒரு வணிக நிறுவனம் அவர் உரிமையை 500 தாலருக்கு வாங்கிற்று. வளைத்துப்போடும் முறை மட்டும் ‘மோனோபோலி’ என்னும் பெயரால் உலகெங்கும் விலைபோயிற்று. பகிர்ந்துண்ணும் முறை பெட்டிக்குள் புதைந்தது. வளைப்போனைக் கண்டிக்கப் பிறந்த ஆட்டம் வளைப்போனாகுமாறு பிள்ளைகளைப் பழக்கிற்று! ஆட்டத்தை எளிதாக எண்ணாதவர் முதலாளிகள். எளிதாக எண்ணியவர் நாம்.

படையும் பசியும் போரும்

கட்ட ஆட்டத்திற்கே இவ்வாற்றல் எனின், படமும் இசையும் சொல்லும் கதையும் ஒருங்கே கூடிய நிகழ்பட ஆட்டத்தின் ஆற்றலைச் சொல்லவும் வேண்டுமோ? அதனை முதலில் உணர்ந்தோருள் ஒன்று அமெரிக்கப் படைத்துறை. 2002 சூலை 4ஆம் நாள், தன் விடுதலை நாளிலேயே, ‘அமெரிக்காசு ஆர்மி’ என்னும் ஆட்டத்தை அது விலையின்றி வெளியிட்டது. நோக்கம் வெளிப்படை: இளைஞரைப் படையில் சேர்த்தல். இருபதாண்டுக் காலம், 2022 வரை, அவ்வாட்டம் நடைபெற்றது. உலகின் வலிமிக்க படை வீண்பொழுதுபோக்கிற்கா இருபதாண்டு பொருள் செலவிட்டது?

நன்னோக்குடையோரும் விழித்துக்கொண்டனர். ஒன்றிய நாடுகள் அவையின் உலக உணவுத் திட்டம் 2005இல் ‘ஃபுட் ஃபோர்சு’ என்னும் ஆட்டத்தை வெளியிட்டுப் பசித்த மக்கட்கு உணவு சேர்க்கும் அருமையைச் சிறுவர்க்கு உணர்த்திற்று. போலந்து நாட்டுப் படைப்பாளர் 2014இல் ‘திசு வார் ஆவ் மைன்’ என்னும் ஆட்டத்தைச் செய்தனர். அதில் ஆடுவோன் படைவீரன் அல்லன். முற்றுகையிடப்பெற்ற நகரில் பசித்தும் குளிரில் நடுங்கியும் கிடக்கும் குடிமகன். மருந்தைத் திருடிப் பிழைப்பதா, திருடாமல் துணைவனைச் சாகவிடுவதா என அவன் முடிவெடுத்தாக வேண்டும். போலந்து அரசு 2020இல் அவ்வாட்டத்தைப் பள்ளி மாணவர்க்குப் பரிந்துரைக்கும் நூல்வரிசையிலேயே சேர்ப்பதாக அறிவித்தது. கல்கத்தாவிலோ, பெண்பிள்ளைகள் கடத்தி விற்கப்பெறும் கொடுமையை உணர்த்த இலீனா கேசிரிவால் என்னும் கலைஞர் முன்னின்று 2016இல் ‘மிசிங்’ என்னும் ஆட்டத்தை வெளிக்கொணர்ந்தார். கடத்தப்பட்ட பெண்ணாகவே ஆடுவோன் நின்று, தப்பும் வழி தேட வேண்டும்.

நம் உள்ளத்தை மிகவும் தொட வேண்டியது மற்றொன்று. வடமுனையை அடுத்த அலாசுக்காவில் வாழும் இனுபியாத்து மக்கள் தொகையில் மிகச் சிறியர். அவர்தம் மொழியை இளையோர் பேசுவது அருகிவிட்டது. அங்குள்ள பழங்குடியினர் அமைப்பு ஒன்று ஆட்டப் படைப்பாளரோடு கைகோத்து, முதியோரையும் கதைசொல்லிகளையும் உடன் அமர்த்தி, 2014இல் ‘நெவர் அலோன்’ என்னும் ஆட்டத்தை உருவாக்கிற்று. ஒரு சிறுமியும் ஒரு வெண்ணரியும் பனிப்புயலின் மூலத்தைத் தேடிச் செல்லும் பழங்கதை அது. கதை முழுவதும் இனுபியாத்து மொழியிலேயே சொல்லப்பெறும். ஏனையோர் எழுத்தைப் படித்துக்கொள்ள வேண்டும். உலகமெங்கும் உள்ள சிறுவர் அம்மொழியின் ஓசையை அவ்வாட்டத்தின் வழியே முதன்முறை கேட்டனர். சில ஆயிரவர் பேசும் மொழிக்கு இயன்றது, கோடிக்கணக்கானோர் பேசும் தமிழுக்கு ஏன் இயலவில்லை?

வெண்பா என்னும் தாய்

இயலவில்லை என்பதும் முழு உண்மையன்று. தமிழர் ஒருவர் செய்து காட்டினார். கனடாவில் இருந்து செய்து காட்டினார்.

தொரண்டோ நகரில் ‘விசை’ என்னும் தமிழ்ப்பெயர் தாங்கிய சிறு நிறுவனம் 2023 சூலையில் ‘வெண்பா’ என்னும் நிகழ்பட ஆட்டத்தை வெளியிட்டது. 1980களின் இறுதியில் தமிழகத்தினின்று கனடாவிற்குக் குடிபெயர்ந்த ஒரு குடும்பத்தின் கதை. தாய் வெண்பா, தந்தை பாவலன், மகன் கவின். மூன்றும் தமிழ்ப்பெயர்கள். நம் பள்ளி வருகைப் பதிவேடுகளில் இத்தகைய பெயர்களைத் தேடிக் களைக்கும் இந்நாளில், இவை உலகெங்கும் ஒலித்தன என்பதே ஒரு செய்தி.

அதில் வாளில்லை; வெடியில்லை. ஆடுவோன் செய்ய வேண்டுவது சமையல். தாய்வீட்டிலிருந்து வந்த சமையற்குறிப்பேடு கிழிந்தும் கறைபட்டும் கிடக்கின்றது. எஞ்சிய சொற்களைக் கொண்டு, விடுபட்ட படிகளை உய்த்துணர்ந்து, இட்டலி அவிக்க வேண்டும். புட்டு வேகவைக்க வேண்டும். ஏடு சிதைந்த பழஞ்சுவடியைப் பதிப்பித்த உ.வே.சா. போன்றோர் பட்ட பாட்டை ஓர் அடுக்களையில் வைத்துக் காட்டியது போல்வது அது. மகன் வளர வளரத் தாயின் உணவினின்றும் மொழியினின்றும் விலகுகின்றான். தாய் தமிழில் பேச, மகன் ஆங்கிலத்தில் மறுமொழி சொல்கின்றான். பின்னொரு நாள், வளர்ந்த கவின் அக்குறிப்பேட்டைத் தானே கையிலெடுத்துச் சமைக்க முற்படும்போது, எழுத்து கண்முன் இருந்தும் பொருள் முழுதும் விளங்காமல் தடுமாறுகின்றான். தடுமாறுபவன் அவன் மட்டும் அல்லன். அவனாக நின்று ஆடுகின்ற நாமுமே.

தாய்மொழி இழப்பைப் பற்றி யான் மேடைதோறும் பேசியுள்ளேன், இதழ்தோறும் எழுதியுள்ளேன். கேட்டவர் கைதட்டிக் கலைந்தனர். தமிழறியாத நாட்டாரும் தமிழ்த்தாயொருத்தியின் துயரைத் தம் துயராக உணருமாறு செய்ய என்னால் இயன்றதில்லை. ஏறத்தாழ ஒன்றரை மணிப்பொழுதில் முடியும் இவ்வாட்டம் அதனைச் செய்தது. 2024இல் பிரித்தானியத் திரைப்பட, தொலைக்காட்சிக் கலைக்கழகம் சிறந்த முதற்படைப்பு என்னும் விருதினை இதற்கு வழங்கிற்று. அதே ஆண்டு, தற்சார்புப் படைப்பாளர்க்கென அமெரிக்காவில் நடைபெறும் ஆட்ட விழாவின் தலைப்பரிசும் இதற்கே கிட்டிற்று.

‘அது பெரும்பாலும் ஆங்கிலத்தின் வழியே உலகை அடைந்த ஆட்டமாயிற்றே’ என்று சிலர் குறைகூறலாம். குறைதான். ஆயின் அக்குறையைக் கூறும் உரிமை, தமிழின் வழியே ஓர் ஆட்டம் செய்தளித்தவர்க்கே உண்டு. கடல்கடந்து வாழும் இளையோர் ஆங்கிலச் சூழலில் இருந்துகொண்டு இதனைச் செய்தனர். தமிழ்மண்ணில் அமர்ந்துள்ள நாம் என்ன செய்தோம்? புனே நகரத்தார் 2020இல் துர்க்கை, திருமால் முதலிய தொன்மங்களைக் கொண்டு ‘இராசி’ என்னும் ஆட்டத்தைச் செய்து உலகிற்கு அனுப்பினர். அவர்கள் தம் தொன்மத்தை ஆட்டமாக்கியது அவர்கள் உரிமை. நாம் நம் வரலாற்றை ஆக்காதது நம் குற்றம்.

சூதும் ஆட்டமும் ஒன்றல்ல

இனி, ‘ஆட்டத்தால் குடும்பங்கள் அழிந்தனவே’ என்பார்க்கு விடை கூறுவேன். அழிந்தன; மறுக்கவில்லை. இணையவழி இரம்மியில் பொருளிழந்து தமிழகத்தில் பலர் தம் உயிரைப் போக்கிக்கொண்டனர். அதனைத் தடுக்கத் தமிழக அரசு இயற்றிய முதற் சட்டத்தை 2021இல் சென்னை உயர் வழக்குமன்றம் நீக்கிற்று. 2022இல் ஓய்வுபெற்ற நடுவர் சந்துரு தலைமையிலான குழுவின் பரிந்துரைப்படி மீண்டும் சட்டம் யாக்கப்பெற்றது. ஆளுநர் அதனைத் திருப்பியனுப்ப, 2023 மார்ச்சில் சட்டமன்றம் இரண்டாம் முறையும் நிறைவேற்றி அனுப்பிற்று. ஏப்பிரலில்தான் ஒப்புதல் கிடைத்தது. அவ்வாண்டின் இறுதியில், இரம்மி திறன்சார்ந்த ஆட்டம் எனக் கூறி அதற்கு அச்சட்டத்தினின்று விலக்களித்தது வழக்குமன்றம். 2025இல் நாடாளுமன்றமே பணம் வைத்து ஆடும் இணைய ஆட்டங்களைத் தடுக்கும் சட்டத்தை இயற்ற வேண்டியதாயிற்று. ஒரு சூதினைத் தடுக்க இத்துணை ஆண்டு! இடையில் போன உயிர்கட்கு யார் பொறுப்பு?

ஆனால் இதனின்று பெறப்படுவது யாது? சூது ஒழிய வேண்டும் என்பது. ஆட்டம் ஒழிய வேண்டும் என்பதன்று. வள்ளுவர் சூதுக்கென ஓர் அதிகாரமே வகுத்துக் கடிந்தார். விளையாட்டைக் கடிந்து அதிகாரம் வகுத்தாரில்லை. கள் இருக்கின்றது என்பதற்காகத் தண்ணீரையும் குடியற்க என்பாருண்டோ? ஆயின் ஒன்றை மறவாதீர்: நல்ல தண்ணீர் வையாத ஊரில்தான் கள்ளுக்கடை செழிக்கும். நாம் வெறுமையாக விட்ட இடத்தில்தான் சூதன் வந்து கடை விரித்தான். கொலைப்போர் ஆட்டத்தான் கூடாரம் அடித்தான்.

‘தமிழில் பெயர்த்துவிட்டால் போதுமே’ என்று எளிய வழி சொல்வாரும் உளர். போதாது. அயலான் ஆட்டத்திற்குத் தமிழ்ச்சொல் பூசுவது, ஏணிப்பாம்புக் கட்டத்தில் அறத்தின் பெயர் எழுதியது போன்றதே. ஆட்டமுறையே நம் வாழ்வினின்று எழ வேண்டும். அஃது எங்ஙனம் என்பதற்கு யான் கண்ட ஒன்றை இங்கு எழுதுகின்றேன்.

புளியங்கொட்டையும் கடலும்

விடுமுறை முடிந்ததும் அவ்வறுவரோடு இன்னொரு சிறுமியையும் சேர்த்து எழுவரை வகுப்பறைத் தரையில் வரிசையாக அமர்த்தினேன். சுண்ணக்கட்டியால் ஏழு கட்டம் வரைந்தேன். தெற்கிலிருந்து வடக்காகப் பெயரிட்டோம்: வைத்திக்குப்பம், சோலைநகர், தந்திராயன்குப்பம், சின்னமுதலியார்சாவடி, பொம்மையார்பாளையம், பிள்ளைச்சாவடி, காலாப்பட்டு. ஒவ்வொரு கட்டத்திலும் பத்துப் புளியங்கொட்டை. அதுவே அவ்வூரின் மணல். ஒவ்வொரு சுற்றிலும் தெற்கூர் தரும் இரண்டைப் பெற்றுக்கொண்டு, வடக்கூர்க்கு இரண்டைக் கொடுக்க வேண்டும். நம் கரையில் ஓராண்டில் பெரும்பகுதி மணல் தெற்கிலிருந்து வடக்கே நடப்பதால் இம்முறை வகுத்தேன். முதற்கண் பல சுற்று ஆடினோம். எவர்க்கும் குறைவில்லை.

பின்னர், 1980களின் இறுதியில் புதுச்சேரியில் துறைமுகத் தடுப்புச்சுவர்கள் எழுந்தது போல, தெற்கு முனையில் ஒரு கல்லை வைத்தேன். வந்துகொண்டிருந்த கொட்டை கல்லுக்குத் தெற்கே குவிந்தது. வைத்திக்குப்பம் பெறுவது ஒன்றுமில்லை, கொடுப்பதோ இரண்டு. இரண்டாம் சுற்றில் அச்சிறுவன், “எனக்கும் ஒரு கல் கொடுங்கள், ஐயா, என் மணலை வெளியே விடமாட்டேன்” என்றான். கொடுத்தேன். அவன் பிழைத்தான், சோலைநகர் தேயத் தொடங்கிற்று. அவனும் கல் கேட்டான். கல் வடக்கு நோக்கி நடந்தது. பசியும் அதனோடு நடந்தது. பொம்மையார்பாளையமும் கல்லிட்டதும், பிள்ளைச்சாவடியாய் அமர்ந்திருந்த சிறுமி தன் கட்டத்தைப் பார்த்துவிட்டு, “நான் என்ன செய்தேன்?” என்று கத்தினாள்.

வகுப்பறை அடங்கிற்று. கடல் கொண்ட வீடுகளுள் ஒன்று அவள் பாட்டியினுடையது.

அதன்பின் யான் ஒன்றும் கற்பிக்கவில்லை. அவர்களே வழக்காடினர். கல் ஒன்றையும் காக்கவில்லை, அழிவை அடுத்தவன் வாயிலுக்குத் தள்ளிற்று என்று கண்டனர். “துறைமுகத்திற்குத் தெற்கே குவிந்து கிடப்பதை அள்ளி வடக்கே போட்டால் என்ன?” என்றான், அன்று என்னைத் தமிழாட்டம் கேட்ட அதே சிறுவன். பொறியியலார் வகுத்த வழியும் அதுவே. துறைமுகத்தைத் திட்டமிட்டபோதே மணலை வடபால் கடத்தும் ஏற்பாடும் அதில் இடம்பெற்றிருந்தது. செயலில் தொடர்ந்து நடைபெறவில்லை. பல்லாண்டாக வேண்டுகை மடல்களும் சாலை மறியல்களும் ‘எங்களூர்க்கும் கல் கொட்டுங்கள்’ என்றே கேட்டு வந்தன. ஏழு பிள்ளைகள் ஒரு பாடவேளையில், ‘மணலுக்கு வழி விடுங்கள்’ என்று கேட்கக் கற்றுக்கொண்டனர். குமுகாய மாற்றம் என்பதன் தொடக்கம் வேறெங்கே உள்ளது? கேட்பதையே திருத்திக் கேட்கக் கற்பதில் அன்றோ?

இன்னொன்றும் கண்டேன். அவ்வாட்டம் முழுவதும் அவர்கள் ஓர் ஆங்கிலப் பெயர்ச்சொல்லையும் பயன்படுத்தவில்லை. யான் தடுக்கவுமில்லை, தண்டம் விதிக்கவுமில்லை. மணல், கல், கரை, கட்டம், சுற்று என, ஆட்டம் தமிழில் பிறந்தமையால் பெயரும் தமிழில் பிறந்தது.

செய்ய வேண்டுவன

புளியங்கொட்டையில் இயன்றதைக் கைப்பேசித் திரையில் ஆக்கினால், நீலாங்கரை முதல் நாகை வரை உள்ள கரையூர்ப் பிள்ளைகள் அனைவரும் ஆடலாம். கரை மட்டுமா கருப்பொருள்? 1936 சூலை 30ஆம் நாள் புதுச்சேரி ஆலைத் தொழிலாளர் பன்னிருவர் பிரெஞ்சியர் படையின் குண்டுக்கு இரையாகினர். அவர் சிந்திய குருதியின் பயனாக எட்டுமணி வேலை உரிமை இம்மண்ணில் கிடைத்தது. அவ்வாலையின் ஒரு நெசவாளியாக நின்று, இன்று வேலைக்குச் செல்வதா, தோழரோடு நிற்பதா எனத் தானே முடிவெடுக்கும் பிள்ளை, அவ்வரலாற்றைத் தேர்வு முடிந்த மறுநாள் மறக்குமோ?

ஆகலின் நான்கு செய்திகளை முன்வைக்கின்றேன்.

ஒன்று: தமிழாசிரியர் ஒவ்வொருவரும் தம்மூரில் கணிப்பொறி கற்ற இளைஞர் ஒருவரைத் தேடிப் பிடியுங்கள். அவர்க்கு நிரல் எழுதத் தெரியும். சொல்ல வேண்டுவது தெரியாது. உங்கட்குச் சொல்ல வேண்டுவது தெரியும்; நிரல் தெரியாது. இருவரும் ஒரு திண்ணையில் அமராததே நம் வறுமை. பிள்ளைச்சாவடியை அடுத்த காலாப்பட்டில் 1985 முதல் ஒரு பல்கலைக்கழகமே உள்ளது. இத்தகைய ஊர்களிலும் இணைப்பு நிகழாவிடின் வேறெங்கு நிகழும்?

இரண்டு: ஆட்டச் சொற்களுக்கு அகரமுதலியைத் தேடி அலைய வேண்டா. காய், கட்டம், சுற்று, வெட்டு, பழம், உத்தி என நம் திண்ணையிலும் தெருவிலும் சொற்கள் குவிந்து கிடக்கின்றன. காய் பழமாவதைவிட வெற்றிக்கு அழகிய பெயர் எம்மொழியில் உண்டு? அவற்றை முதலில் எடுங்கள். இல்லாதவற்றிற்குப் புதியன படையுங்கள்.

மூன்று: தமிழக அரசு 2001இல் தொடங்கிய தமிழ் இணையக் கல்விக்கழகமும் புதுச்சேரி அரசும் நூலுக்கும் நாடகத்திற்கும் பரிசளிப்பது போல ஆண்டுதோறும் சிறந்த தமிழ் ஆட்டத்திற்குப் பரிசும் பொருளுதவியும் வழங்க வேண்டும் என வலியுறுத்துங்கள்.

நான்கு: நாம் செய்யும் ஆட்டத்தில் சூது கூடாது, பிள்ளையிடம் காசு பறிக்கும் சூழ்ச்சி கூடாது, உறக்கத்தைத் தின்னும் முடிவின்மை கூடாது. ஒருமணிப் பொழுதில் முடிந்து, ஒரு வாரம் எண்ணவைக்கும் ஆட்டமே நம் ஆட்டம்.

அச்சிறுவனுக்கு யான் இன்னும் முழுவிடை சொல்லவில்லை. தரையில் சுண்ணக்கட்டியால் பாதி விடை எழுதியுள்ளேன். மீதிப் பாதிக்கு என்னோடு ஓர் இளைஞர் அமர்ந்துள்ளார். ஏழு கட்டமும் திரையில் எழும் நாள் தொலைவில் இல்லை. ஓர் ஊர்க்கு ஓர் ஆட்டம் எழுந்தால், தமிழ்நிலம் முழுவதும் எழும்.

பிள்ளைகள் ஆடிக்கொண்டுதான் இருப்பர். அவர்கள் யாருடைய கட்டத்தில், யாருடைய சட்டத்தில், யாருடைய சொல்லில் ஆடுவது என்பதே வினா. விடையிறுக்க எழுமின் தமிழ்மக்காள்! விளையாட்டு வினையாகட்டும்!